வியாழனுக்குப் போக 13 மாசமா, 8 வருஷமா? நாசா ஐஸ் (Eyes) ரிவ்யூ

நாசாவோட ஐஸ் ஆன் தி சோலார் சிஸ்டம் (Eyes on the Solar System), அதாவது கிரகங்களும் விண்கலங்களும் எந்தத் தேதில எங்க இருந்துச்சுன்னு ஓட்டிக் காட்டற வெப்சைட்ட, இன்னும் பார்க்காதவங்க தயவுசெஞ்சு ஒரு தடவ பாருங்க, ஃப்ரீ தான், ப்ரௌசர்லயே ஓடும். வெளிக்கிரகங்களுக்கு விண்கலம் போய்ச்சேர எவ்ளோ காலம் ஆகும்ங்கறத இத விட நல்லா புரிய வைக்கற ஒண்ண நான் பார்த்ததில்ல.

இந்தக் கேள்விக்கு பெரும்பாலும் ஒரு டேபிள் போட்டு வியாழன் இத்தன வருஷம், சனி இத்தன வருஷம்னு முடிச்சிடறாங்க. அந்த டேபிள் தான் எனக்குப் பெரிய பிரச்சனை. புளூட்டோவுக்குப் போன நியூ ஹொரைசன்ஸ் கலம் 2006 ஜனவரில கிளம்பி 2007 பிப்ரவரில வியாழன தாண்டிருச்சு, 13 மாசம் தான், அதே வியாழனுக்கு ஜூனோ கிட்டத்தட்ட 5 வருஷம் எடுத்துக்குச்சு, கலிலியோவுக்கு 6 வருஷத்துக்கு மேல, 2023ல ஐரோப்பாக்காரங்க அனுப்புன ஜூஸ் (JUICE) கலம் 2031ல தான் போய்ச்சேரும். கிரகம் ஒண்ணு தான். போய் அங்க நிக்கணுமா இல்ல தாண்டிப் போனா போதுமா, கலம் எவ்ளோ வெயிட்டு, ராக்கெட் எவ்ளோ பெருசு, இதெல்லாம் சேர்ந்து தான் காலத்த முடிவு பண்ணுது, அது டேபிள்ல தெரியாது, இதுல கண்ணுக்கு முன்னாடி ஓடும்.

முதல்ல சனிக்குப் போன காசினி கலத்த ஓட்டிப் பாருங்க. தேதிய 1997 அக்டோபர் 15ன்னு வச்சு டைம் ஸ்பீட ஏத்துங்க. சனிக்குப் போக வேண்டிய கலம் சூரியன் பக்கமா உள்ளாற போகும்! 98 ஏப்ரல்ல வெள்ளி, ஒரு பெரிய சுத்து சுத்திட்டு 99 ஜூன்ல மறுபடி வெள்ளி, அடுத்த ரெண்டே மாசத்துல பூமிகிட்டயே வந்துரும். கிளம்பி 22 மாசம் ஆச்சு, புறப்பட்ட இடத்துலயே இருக்கு. எங்க அக்கா பையனுக்கு இத காட்டுனப்போ "மாமா, பெட்ரோல் தீர்ந்து திரும்பி வந்துருச்சா"ன்னு கேட்டான், அருமையான கேள்வி. அஞ்சரை டன்னுக்கு மேல வெயிட்டு இருக்கற கலத்த நேரா சனி வரைக்கும் வீசி எறியற ராக்கெட் கிடையாது, அதனால ஒவ்வொரு கிரகத்துகிட்டயும் உரசுற மாதிரி போய், சூரியன சுத்தி ஓடிட்டு இருக்கற அந்தக் கிரகத்தோட வேகத்துல கொஞ்சம் வாங்கிக்கும். பூமிய தாண்டுனதும் அந்தக் கோடு வெளிய விரியறத பாருங்க, 2000 டிசம்பர்ல வியாழன் இன்னொரு தள்ளு தள்ளி விடும், 2004 ஜூலை 1ல சனி. அங்கயும் சும்மா நிக்காது, 96 நிமிஷம் இன்ஜின எரிச்சு வேகத்த குறைச்சா தான் சனி பிடிச்சு வச்சுக்கும்.

இதுக்கு நேர் எதிரா நியூ ஹொரைசன்ஸ். அர டன் கூட இல்ல, ஏத்துன ராக்கெட்டோ பெரிய அட்லஸ், 9 மணி நேரத்துல நிலாவ தாண்டிருச்சு. ஸ்டேஷன்ல நிக்காத எக்ஸ்பிரஸ் மாதிரி வியாழன்ல வேகத்த ஏத்திக்கிட்டு ஒன்பதர வருஷத்துல புளூட்டோ, 2015 ஜூலை 14, செகண்டுக்கு 14 கிலோமீட்டர் வேகத்துல கடந்து போயே போச்சு. அந்த வேகத்த நிறுத்தற அளவு எரிபொருள அந்தச் சின்ன கலத்துல ஏத்தவே முடியாது.

வாயேஜர் 2 மட்டும் தனியா ஒரு நாள் உக்காந்து பார்க்க வேண்டியது. 79 வியாழன், 81 சனி, 86 யுரேனஸ், 89 நெப்டியூன், ஒவ்வொரு கிரகத்துலயும் கோடு வளைஞ்சு அடுத்ததுக்கு நேரா திரும்பும். கிரகங்க அப்படி வரிசையா அமையறது சுமார் 175 வருஷத்துக்கு ஒரு தடவ தான். யாரோட தள்ளும் இல்லாம குறைஞ்ச எரிபொருள் பாதையில நெப்டியூனுக்குப் போனா 30 வருஷம் ஆகும், இது 12 வருஷத்துல போச்சு. யுரேனஸ், நெப்டியூன் ரெண்டுக்கும் இன்னைக்கு வரைக்கும் போன ஒரே கலமும் இது தான், அத நினைச்சா எனக்கு இன்னமும் சிலிர்க்கும்.

குறைன்னா எல்லாமே இங்கிலீஷ்ல இருக்கு, தமிழ் மீடியம் பசங்களுக்கு பக்கத்துல ஒருத்தர் உக்காந்து சொல்லணும். போன்லயும் ஓடும், ஆனா பெரிய ஸ்க்ரீன்ல பார்க்கறது தான் சுகம், ஸ்கூல்ல ப்ரொஜெக்டர் இருந்தா டீச்சர்ஸ் கண்டிப்பா போட்டுக் காட்டுங்க. ஒரு விஷயம், ஸ்பீட ரொம்ப ஏத்திட்டா கிரகத்த கடக்கற இடம் கண்ண மூடி தொறக்கறதுக்குள்ள போயிரும், கிட்ட வரும்போது குறைச்சுக்கோங்க.

இதெல்லாம் பார்த்து முடிச்சா, வியாழனோட ஐரோப்பாங்கற நிலாவ ஆராயப் போற ஐரோப்பா கிளிப்பர் (Europa Clipper) கலத்த தேடுங்க. 2024 அக்டோபர்ல கிளம்பி 2025 மார்ச்ல செவ்வாய கடந்துச்சு, 2026 டிசம்பர்ல பூமிகிட்ட வரணும், 2030 ஏப்ரல்ல வியாழன். தேதிய இன்னைக்குன்னு வச்சா இந்த நிமிஷம் எங்க போய்ட்டு இருக்குன்னு காட்டும்.