ஏப்ரல்ல ரோஸ் கேட்டா "ஆடி வரட்டும்"னு திருப்பி அனுப்புற நர்சரி

ரெண்டு கோடை முழுசா பாத்துட்டு தான் ரிவ்யூ போடணும்னு வெச்சிருந்தேன், அதான் இவ்ளோ லேட். செடி வாங்குன அன்னைக்கே அஞ்சு ஸ்டார் போடுறதுல என்ன இருக்கு, கடைல நிக்கிறப்ப எல்லா செடியும் பச்சப்பசேல்னு தான் இருக்கும். கத்திரி வெயில் முடிஞ்சு நம்ம வீட்ல அது உயிரோட நிக்குதான்னு பாத்தா தான் கடை எப்படின்னே தெரியும்.

எங்க வீடு வேலூர்ல. இங்க ஏப்ரல் கடைசிலயே 40 டிகிரி சர்வ சாதாரணம், சுத்தி பாறை மலை வேற, ராத்திரி கூட அனல் அடங்காது. எங்க மொட்டை மாடில மேற்கு பக்கம் ஒரு மறைப்பும் கிடையாது, மத்தியானம் 12ல இருந்து சாயங்காலம் 6 வரைக்கும் நேர் வெயில். இந்த நர்சரிக்கு வர்றதுக்கு முன்னாடி வேற ஒரு கடைல (பேரு வேணாம்) ஒரு ஏப்ரல் மாசம் 14 செடி வாங்குனேன், அதுல 6 பெங்களூர் ரோஸ், மிச்சம் ஜெர்பரா, டேலியா, ஃபெர்ன் இப்படி. எங்க வைக்கப் போறீங்க, வெயில் எவ்ளோ படும்னு ஒருத்தர் கூட கேக்கல, காசு வாங்கி கவர்ல போட்டு குடுத்துட்டாங்க. ஜூன் வர்றதுக்குள்ள 11 செடி காஞ்சு போச்சு. தினமும் ரெண்டு வேளை தண்ணி ஊத்தி, ஒண்ணொண்ணா கருகுறத பாத்துட்டு இருந்தது ரொம்ப கஷ்டமா இருந்துச்சு, எனக்கு செடி வளக்க வராதுன்னே முடிவு பண்ணிட்டேன்.

அடுத்த வருஷம் பக்கத்து வீட்டு அக்கா சொல்லி தான் இந்த நர்சரிக்கு வந்தேன். அதுவும் ஏப்ரல் தான். ரோஸ் கேட்டேன். நடத்துற அம்மா முதல்ல கேட்டதே "வெயில் காலைலயா மத்தியானமாம்மா? தரையா மாடியா?"ன்னு தான். மாடின்னு சொன்னதும் "இப்ப ரோஸ் எடுக்காதீங்க, ஆடி வரட்டும், அப்ப வாங்க, நானே நல்லதா எடுத்து தரேன்"னு சொல்லிட்டாங்க. வந்த கஸ்டமர திருப்பி அனுப்புற கடைய அன்னைக்கு தான் பாத்தேன். ரோஸ் செடி வர்ற ஓசூர், பெங்களூர் ரெண்டும் கிட்டத்தட்ட 900 மீட்டர் உயரத்துல இருக்க ஊரு, அந்த குளிர்ச்சில வளந்த செடிய சித்திரை மாசம் இங்க கொண்டாந்து கான்கிரீட் மேல வெச்சா அது என்னம்மா பண்ணும்னு அவங்க கேட்டப்ப தான், போன வருஷம் செத்ததுக்கு காரணம் நான் மட்டும் இல்லன்னு மனசு ஆறுச்சு.

அன்னைக்கு அவங்க குடுத்தது: காகிதப்பூ 2, அடீனியம் 1, நித்தியகல்யாணி 4, பத்து மணிப்பூ ஒரு கைப்பிடி தண்டு (அதுக்கு காசே வாங்கல, ஒடிச்சு நட்டாலே வரும்னு சொன்னாங்க), மல்லி 2, ஒரு கறிவேப்பிலை. இதுல ஒரு நித்தியகல்யாணி மட்டும் போச்சு, அதுவும் மழைல தண்ணி நின்னு அழுகுனது, வெயில்னால இல்ல. மிச்சம் எல்லாம் ரெண்டு மே மாசத்த தாண்டி நிக்குது. மல்லி பத்தி தனியா சொல்லணும், வெயில் ஏற ஏற தான் அது பூக்கும், பங்குனி சித்திரைல தினமும் ஒரு முழம் கட்டுற அளவுக்கு வருது, சாமிக்கு வெளிய பூ வாங்குறதே இல்ல.

செம்பருத்தி மட்டும் நான் பிடிவாதமா கேட்டு வாங்குனேன். குடுக்கும்போதே "மத்தியானம் இலை தொங்கும், பயந்து தண்ணி ஊத்தாதீங்க, சாயங்காலம் 6 மணிக்கு பாருங்க, அப்பவும் தொங்குனா தான் ஊத்தணும்"னு சொன்னாங்க. முந்தின வருஷம் நான் பண்ணது இதே தப்பு தான், துவண்டு போனா உடனே ஊத்துவேன், அதுவும் மாடி டேங்க்ல கொதிக்கிற தண்ணி. வெயில்ல இலை விடுற தண்ணிக்கு ஈடா வேர் உறிஞ்ச முடியாம தான் துவளுது, மண்ணு ஈரமா தான் இருக்கும், மேல மேல ஊத்துனா வேர் மூச்சு முட்டி அழுகிடும். இப்ப காலைல 6:30க்குள்ள ஒரு தடவ நல்லா ஊத்துறேன், தேவைப்பட்டா மட்டும் பொழுது சாஞ்சு. காகிதப்பூவுக்கு அதுவும் கிடையாது, மண்ணு நல்லா காயவிட்டு தான் ஊத்துவேன், நிறைய ஊத்துனா இலையா வளரும், பூ வராது.

அரளி அழகா இருக்கேன்னு கேட்டப்ப "வீட்ல சின்ன குழந்தை இருக்கா?"ன்னு கேட்டாங்க. ரெண்டு வயசு பொண்ணு இருக்கான்னு சொன்னதும், அது இலை, பூ, தண்டு எல்லாமே விஷம், வேணாம்னு சொல்லி நந்தியாவட்டைய எடுத்து குடுத்தாங்க. 150 ரூபா செடிய விட்டுட்டு 60 ரூபா செடிய எடுத்துக் குடுத்தவங்க, அந்த ஒரு விஷயத்துக்காகவே நான் வேற எங்கயும் போறது இல்ல.

இன்னொண்ணு கவனிச்சேன், இங்க பாதி செடி பச்சை வலைக்கு கீழ இல்ல, வெளிய நேர் வெயில்ல தான் நிக்குது. பாக்க கொஞ்சம் கரடுமுரடா, இலை சின்னதா, ஓரம் லேசா பழுத்து இருக்கும், மத்த கடை மாதிரி பளபளன்னு இருக்காது. ஆனா வெயில் பழகுன செடி அது தான். நிழல்ல இருந்த செடி வாங்குனா கூட, ஒரு வாரம் காலை வெயில் மட்டும் படுற இடத்துல வெச்சு, அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா நகத்த சொல்லி விடுவாங்க.

காய்கறிக்கு, கோடைல தக்காளி வேணாம்னாங்க, பகல் 35 டிகிரிக்கு மேல போயி ராத்திரியும் சூடு குறையலன்னா பூ பூத்து பூத்து கொட்டிடும், காய் புடிக்காது. அதுக்கு பதிலா வெண்டை, கொத்தவரை, அப்புறம் நம்ம இலவம்பாடி முள்ளு கத்தரி நாத்து குடுத்தாங்க. 2023ல புவிசார் குறியீடு கிடைச்ச கத்தரி, நம்ம மாவட்டத்து வெயிலுக்கே பொறந்தது, 4 செடில எங்க வீட்டுக்கு வாரம் ரெண்டு நாள் எண்ணெய் கத்தரிக்காய் ஆகுது. இதுக்கு மட்டும் வெயில்ல பாதிய மறைக்கிற 50 சதவீத பச்சை வலை கட்டியிருக்கேன். 75 வலை காய்கறிக்கு ரொம்ப இருட்டு, வாங்கிடாதீங்க.

குறையும் சொல்லணும். இவங்க விக்கிற ரெடிமேட் மண் கலவை எனக்கு பிடிக்கல, கோகோபீட் (தேங்கா நார் தூள்) ரொம்ப அதிகம், ஒரு நாள் காயவிட்டா மேல ஊத்துற தண்ணி ஓரமாவே கீழ ஓடிடுது, உள்ள நனையுறதே இல்ல. நான் செம்மண்ணும் தொழு உரமும் சேத்து தான் பயன்படுத்துறேன். ரெண்டாவது, சில செடி கெட்டி களிமண் உருண்டையோட வருது, அத அப்படியே நட்டா சுத்தி ஈரமா இருக்கும், நடுவுல காஞ்சு கிடக்கும். ஒரு பக்கெட் தண்ணில அரை மணி நேரம் ஊறவெச்சு பாதி களிமண்ண கரைச்சுட்டு நடுங்க, ஆனா அத கோடைல பண்ணாதீங்க, வேர் அசைஞ்சா அந்த வெயில தாங்காது. கலர் விஷயத்துலயும் நம்ப முடியாது, பிங்க்னு சொல்லி குடுத்த காகிதப்பூ வெள்ளையா பூத்துச்சு, பூவோட இருக்கும்போதே பாத்து எடுங்க. அதுக்கு தான் ஒரு ஸ்டார் கம்மி.

ஆடில சொன்ன மாதிரியே போனேன், ஞாபகம் வெச்சிருந்து பன்னீர் ரோஸ் 3 எடுத்து வெச்சிருந்தாங்க, ஒண்ணு 70 ரூபா. கலர் ரோஸ் மாதிரி பெருசா இருக்காது, வாசனை மாடிப்படி வரைக்கும் வரும். போன மே மாசம் பூக்கறத நிறுத்திடுச்சு, இலை கூட பாதி கொட்டிடுச்சு, ஆனா கட்டை பச்சையா இருந்துச்சு. ஜூலைல ரெண்டு மழை பேஞ்சதும் மூணுமே துளிர் விட்டு இப்ப மொட்டோட நிக்குது.

போறவங்க காலைல 8 மணிக்கு முன்னாடி போங்க. கார்ல போனா செடிய உள்ள வெச்சு கண்ணாடி ஏத்தி வெயில்ல நிறுத்திட்டு வேற கடைக்கு போயிடாதீங்க, அரை மணி நேரத்துல வெந்துடும். பைக்னா ஒரு ஈரத்துணி எடுத்துட்டு போங்க, காத்துல இலை காயாம சுத்தி கட்டி அவங்களே குடுப்பாங்க.