ரொட்டியைக் கழற்றிவிட்டால் எந்த சாண்ட்விச் தாங்கும்? சீஸ்ஸ்டேக் எக் ரோலா, ரூபன் எக் ரோலா

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். எக் ரோல் என்றதும் நம்மில் பாதிப் பேருக்குக் கொல்கத்தா ரோல் கடைதான் ஞாபகம் வரும். பரோட்டாவோடு முட்டையை ஒட்டவைத்து, வெங்காயமும் பச்சைமிளகாயும் தூவிச் சுருட்டித் தருவது. இது அது இல்லை. அமெரிக்கச் சீன உணவகங்களில் கிடைக்கும் எக் ரோலுக்குள் பெரும்பாலும் முட்டையே இருக்காது. முட்டைகோஸையும் பன்றி இறைச்சியையும் தடித்த மைதா ஷீட்டில் வைத்துச் சுருட்டி எண்ணெயில் பொரித்தது அது. 1930களில் நியூயார்க்கின் சீன உணவகங்களில் வேரூன்றியது. ஸ்பிரிங் ரோலுக்கு அண்ணன் என்று சொல்லலாம்: ஆள் பருமன், தோல் தடிப்பு, மேலெல்லாம் கொப்புளம்.

அந்தத் தோலுக்குள் சாண்ட்விச்சைத் திணிப்பது பின்னால் வந்த குறும்பு. பிலடெல்ஃபியாவில் எந்தச் சாதாரண பாருக்குள் நுழைந்தாலும் மெனுவில் சீஸ்ஸ்டேக் (மெல்லிசாகச் சீவிய மாட்டிறைச்சியும் சீஸும்) எக் ரோல் இருக்க வாய்ப்புண்டு. டெட்ராய்ட்டில் கார்ன்ட் பீஃப் (உப்பில் ஊறவைத்த மாட்டிறைச்சி) எக் ரோல் ஊர்ப் பெருமை. வியட்நாமிலிருந்து வந்து குடியேறிய ஒரு பெண்மணியின் கடைதான் அதை அங்கே பிரபலமாக்கியது.

நியூ ஜெர்சியில் எங்கள் வீட்டில் சீஸ்ஸ்டேக், ரூபன் இரண்டையும் அடுத்தடுத்த வார இறுதிகளில் செய்து பார்த்தோம், பிறகு ஒரே நாளில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தும் பொரித்தோம். செய்யும்போது புரிந்த விஷயம் ஒன்றுதான். சாண்ட்விச்சை எக் ரோலாக்குவது என்றால் ரொட்டியை எடுத்துவிடுவது. ரொட்டி இருந்தவரை சாற்றை உறிஞ்சிக்கொண்டது, காரத்தையும் உப்பையும் தணித்தது, கொஞ்சம் வாசனையும் கொடுத்தது. மைதா ஷீட் இதில் ஒன்றையும் செய்யாது. உள்ளே ஈரம் இருந்தால் கிழியும், அவ்வளவுதான். ஆகவே கேள்வி எந்த சாண்ட்விச் ருசி என்பதல்ல, ரொட்டி போனபிறகும் எது நிற்கிறது என்பதே.

சீஸ்ஸ்டேக்: எளிது, ஆனால் கொழுப்பின் மேல் கொழுப்பு

சீஸ்ஸ்டேக்கின் கதை 1930இல் தெற்கு பிலடெல்ஃபியாவில் தொடங்குகிறது. ஹாட் டாக் விற்றுக்கொண்டிருந்த பாட் ஒலிவியெரி, ஒருநாள் தன் சாப்பாட்டுக்காக இறைச்சியை நறுக்கி வெங்காயத்தோடு கல்லில் புரட்டி ரொட்டிக்குள் வைக்க, அதைப் பார்த்த டாக்ஸி டிரைவர் தனக்கும் ஒன்று கேட்டார் என்பது ஊரே சொல்லும் கதை. சீஸ் அப்போது கிடையாது, அது பிறகுதான் வந்து ஒட்டிக்கொண்டது. இன்றைக்குப் புரோவலோனா, அமெரிக்கன் சீஸா, டப்பாவில் வரும் சீஸ் விஸ்ஸா என்று அங்கே ஒரு குடும்பச் சண்டையே நடக்கும்.

வீட்டில் செய்ய இதுதான் சுலபம். ரிப்ஐ இறைச்சி 450 கிராம், பெரிய வெங்காயம் ஒன்று, சீஸ் 120 கிராம் எடுத்தால் பத்து ரோல் வரும். இறைச்சியை முக்கால் மணி நேரம் ஃப்ரீசரில் வைத்து விறைக்கவிட்டால் கத்தி வழுக்காமல் மெல்லிசாகச் சீவலாம். இரும்புச் சட்டியை நன்றாகக் காயவைத்து, இரண்டு தவணையாகப் போட்டுப் புரட்டுங்கள். ஒரேயடியாகக் கொட்டினால் தண்ணீர் விட்டு வேகும், வறுபடாது. மாட்டிறைச்சி வேண்டாம் என்பவர்கள் சிக்கன் தொடைக்கறியை இதேபோல் சீவிக்கொள்ளலாம். சிக்கன் சீஸ்ஸ்டேக் பிலடெல்ஃபியாவிலேயே புழக்கத்தில் இருப்பதுதான், நாம் ஒன்றும் குற்றம் செய்யவில்லை.

சீஸில் என் ஓட்டு அமெரிக்கன் சீஸுக்கு. சிட்ரேட், பாஸ்பேட் போன்ற உப்புகள் கலந்து செய்வதால் உருகினாலும் எண்ணெய் தனியாகப் பிரியாமல் குழம்பு மாதிரி இறைச்சியைப் பிடித்துக்கொள்ளும். புரோவலோன் வாசனையில் ஒரு படி மேல்தான். ஆனால் சூட்டில் இழுபட்டு, எண்ணெய் கக்கி, சந்து கிடைத்த இடத்தில் வெளியே எட்டிப்பார்க்கும்.

குறை என்னவென்றால், சாண்ட்விச்சில் அந்தக் கொழுப்புச் சாறு முழுவதையும் நீளமான மெத்தென்ற ரொட்டி குடித்துவிடும். சீஸ்ஸ்டேக்கின் சுகமே அந்த ஊறிய ரொட்டிதான். எக் ரோலில் அது உள்ளேயே தங்கிவிடுகிறது. ஆறவைத்து வடிகட்டினாலும் முழுதாகப் போகாது. ஆறினபோது உறைந்து ஒளிந்துகொண்ட கொழுப்பு, எண்ணெயில் விழுந்ததும் மறுபடி உருகும். முதல் ரோல் அபாரம். இரண்டாவது பரவாயில்லை. மூன்றாவதைக் கையில் எடுக்கும்போது ஒரு எலுமிச்சை ஊறுகாய் கிடைக்குமா என்று கண் தேட ஆரம்பித்துவிடும். நான் இரண்டாம் முறை செய்தபோது வினிகரில் ஊறிய மிளகாயை நறுக்கி இரண்டு ஸ்பூன் கலந்தேன், பெரிய வித்தியாசம். பிலடெல்ஃபியாக்காரர்களும் காரமிளகாய் கேட்டு வாங்குவார்கள், ஆகவே இது அத்துமீறலில் சேராது.

ரூபன்: வேலை அதிகம், பலனும் அதிகம்

ரூபன் சாண்ட்விச்சுக்கு இரண்டு ஊர்கள் சொந்தம் கொண்டாடுகின்றன. ஒமாஹாவின் பிளாக்ஸ்டோன் ஹோட்டலில் 1920களில் சீட்டாட்டக் கூட்டத்துக்காக ரூபன் குலகோஃப்ஸ்கி என்பவர் கேட்டுச் செய்யவைத்தது என்பது ஒரு கட்சி. நியூயார்க்கில் ஆர்னால்ட் ரூபன் தன் கடையில் கண்டுபிடித்தது என்பது இன்னொரு கட்சி. எந்தக் கட்சியானாலும் உள்ளிருப்பது ஒன்றே: கார்ன்ட் பீஃப், ஸ்விஸ் சீஸ், சார்க்ராட் எனப்படும் புளிக்கவைத்த முட்டைகோஸ், ரஷ்யன் டிரெஸ்ஸிங், ரை என்ற தானியத்தில் (நம் கம்பு அல்ல) செய்த ரொட்டி. கார்ன்ட் பீஃபில் சோளம் கிடையாது. பழைய ஆங்கிலத்தில் தானியமணி அளவுள்ள எதற்கும் அந்தப் பெயர் உண்டு, இங்கே அது கல்லுப்பைக் குறிக்கிறது.

பட்டியலைப் பார்த்தால் இதைச் சுருட்டுவது தற்கொலை முயற்சி மாதிரித் தெரியும். புளித்த முட்டைகோஸில் சொட்டச் சொட்டத் தண்ணீர், டிரெஸ்ஸிங்கில் மயோனைஸ். நானும் சீஸ்ஸ்டேக்தான் ஜெயிக்கும் என்று நினைத்துத்தான் ஆரம்பித்தேன். நடந்தது தலைகீழ். சார்க்ராட்டின் ஈரம் கண்ணுக்குத் தெரிகிற ஈரம். வெள்ளைத் துணியில் கட்டி, பால் திரித்துப் பனீர் பிழிவதுபோல் பிழிந்தால் ஒரு கப் சார்க்ராட் கைப்பிடியளவுக்கு அடங்கிவிடும். பிழிந்ததைச் சட்டியில் இரண்டு நிமிடம் புரட்டினால் மிச்சமும் போச்சு. சீஸ்ஸ்டேக்கின் கொழுப்பை இப்படித் துணியில் கட்ட முடியாது.

டிரெஸ்ஸிங்கை உள்ளே வைக்கவே கூடாது. மயோனைஸ் சூட்டில் திரிந்து எண்ணெயாகிவிடும். முதல் தடவை ஒரு ஸ்பூன் போட்டேன். ரோலின் அடி ஊறிப்போய், எடுக்கும்போது பாதி சட்டியிலேயே தங்கிவிட்டது. மயோனைஸ், கெட்சப், துருவிய ஹார்ஸ்ரேடிஷ் (காரமான ஒரு வேர்), பொடியாக நறுக்கிய ஊறுகாய் வெள்ளரி எல்லாவற்றையும் கிண்ணத்தில் கலந்து தொட்டுக்கொள்ள வையுங்கள். உள்ளே கார்ன்ட் பீஃப் 250 கிராம், பிழிந்த சார்க்ராட் 100 கிராம், துருவிய ஸ்விஸ் சீஸ் 120 கிராம். உப்பு ஒரு சிட்டிகைகூட வேண்டாம், மூன்றிலும் ஏற்கெனவே இருக்கிறது.

ருசியில் ஏன் இது முந்துகிறது என்றால், பொரித்த பண்டத்துக்குத் தேவையான புளிப்பை இது தன் மடியிலேயே கட்டிக்கொண்டு வருகிறது. பஜ்ஜிக்கு நாம் ஏன் சட்னி தேடுகிறோம்? அதே கணக்கு. நாலாவது ரோல் வரை அலுப்புத் தட்டவில்லை.

ரூபனிலும் ஒரு ஓட்டை உண்டு. ரை ரொட்டியின் வாசனை போய்விடுகிறது. அந்த வாசனையில் பாதி கேரவே விதையுடையது. பார்க்கச் சீரகம்போல இருக்கும், மோந்தால் வேறு. அரை ஸ்பூன் வறுத்துப் போட்டேன். கிட்டத்தட்ட வந்தது, முழுதாக வரவில்லை. மாட்டிறைச்சி கூடாதென்றால் வான்கோழிக்கறி வைத்து ரேச்சல் என்று ஒரு தங்கை சாண்ட்விச் உண்டு, சார்க்ராட்டுக்குப் பதில் கோல்ஸ்லா என்ற முட்டைகோஸ் சாலட். ஆனால் கோல்ஸ்லாவில் மயோனைஸ் இருப்பதால் சுருட்டுவதற்கு அது ஒத்துவராது. வான்கோழியையும் சார்க்ராட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள், பெயரைப் பற்றிக் கவலை வேண்டாம்.

கியூபன் சாண்ட்விச்சையும் ஒருமுறை முயன்றேன். ஹாம், வறுத்த பன்றிக்கறி, ஸ்விஸ் சீஸ், ஊறுகாய் வெள்ளரி, கடுகு விழுது. மோசமில்லை. ஆனால் அதன் உயிர் அழுத்திச் சுட்ட ரொட்டியின் வெண்ணெய் மொறுமொறுப்பில் இருக்கிறது, அது போனபின் வெறும் ஹாம் ரோல்.

ஷீட்டும் சூடும்

கடையில் டோஃபு இருக்கும் குளிர்பெட்டிப் பக்கம் எக் ரோல் ஷீட் கிடைக்கும், ஏழு அங்குலத்துக்கு ஒட்டிய சதுரம். ஃப்ரீசரில் இருப்பது ஸ்பிரிங் ரோல் ஷீட். அது கண்ணாடி மாதிரி மெல்லியது, மொறுமொறுப்பு நீண்ட நேரம் நிற்கும். சீஸ் உள்ள பூரணத்துக்கு எண்ணெயில் பொரிப்பதென்றால் தடித்த எக் ரோல் ஷீட்டே நல்லது. ஏர் ஃப்ரையர்தான் உங்கள் வழி என்றால் ஸ்பிரிங் ரோல் ஷீட்டுக்கு மாறிவிடுங்கள். தடித்த ஷீட் கொப்புளிப்பது, மாவிலுள்ள நீர் காய்ந்த எண்ணெயில் சட்டென்று ஆவியாவதால். ஏர் ஃப்ரையரின் காற்றில் அந்த வேகம் இல்லை, அங்கங்கே வெள்ளையாகப் பச்சை மாவு தெரியும். மெல்லிய ஷீட்டில் எல்லாப் பக்கமும் எண்ணெய் தடவி, 200 டிகிரி செல்சியஸில் பத்துப் பன்னிரண்டு நிமிடம், நடுவில் ஒருமுறை திருப்பினால் போதும். சமையலறை முழுக்க எண்ணெய் வாடை இல்லாதது தனி லாபம். ஆனாலும் ருசியில் எண்ணெய்ச் சட்டிக்கு அருகில் அது நிற்காது என்று பொய் சொல்லாமல் சொல்லிவிடுகிறேன்.

எண்ணெய் 175 டிகிரிக்குக் குறைந்தால் ரோல் குடிக்கும், 190ஐத் தாண்டினால் உள்ளே சீஸ் உருகுமுன் வெளியே கருகும். பூரணம் நன்றாக ஆறியிருக்க வேண்டும். சூடாக வைத்தால் அதன் ஆவியே ஷீட்டை நமத்துவிடும். மூலை உங்களைப் பார்க்க வைத்து, மூன்று ஸ்பூன் பூரணம், இரு பக்கமும் உள்ளே மடித்து, காற்று தங்காமல் இறுக்கிச் சுருட்டி, முனையில் மைதாப் பசையோ முட்டை வெள்ளையோ தடவி ஒட்டுங்கள். சோமாசி ஓரத்தில் இடைவெளி விட்டால் எண்ணெயில் என்ன ஆகும் என்று தெரிந்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை. ஒட்டிய பக்கம் கீழே இருக்கும்படி எண்ணெயில் விடுங்கள். எடுத்தபின் காகிதத்தில் படுக்கவைக்காமல் கம்பித்தட்டில் நிறுத்திவையுங்கள்.

விருந்தாளி கூட்டம், குழந்தைகள் என்றால் சீஸ்ஸ்டேக் செய்யுங்கள், புளித்த முட்டைகோஸைக் குழந்தைகள் நுனிநாக்கில்கூடச் சேர்ப்பதில்லை. எங்கள் இரண்டு பேருக்கு மட்டும் என்றால் ரூபன்தான்.

போன மாதம் டொராண்டோவிலிருந்து வந்த யாழ்ப்பாணத்துத் தோழி ஒரு ரூபன் ரோலை எடுத்துக் கடித்துவிட்டு, "இது எங்கட ரோல்ஸ்தானே அக்கா, பாண்தூள் பிரட்டாத குறைதான்" என்றாள். இலங்கை ரோல்ஸில் ஷீட் கிடையாது. தோசைபோல் மெல்லிசாக வார்த்த மாவு அடையில் கறியைச் சுருட்டி, முட்டையிலோ கரைத்த மாவிலோ முக்கி, ரொட்டித்தூளில் புரட்டிப் பொரிப்பார்கள். அவள் அப்படிச் சொன்ன அன்று இரவே, மிச்சமிருந்த ரை ரொட்டியைக் காயவைத்து மிக்ஸியில் பொடித்தேன். மாவு அடைகளை அவள் வார்த்தாள். தூள் சீக்கிரம் கருகுவதால் சூட்டை 165க்குக் குறைத்துப் பொரித்தோம். கேரவே போட மறந்திருந்தேன். பரவாயில்லை, ரொட்டியிலேயே இருந்தது.