175(3) மனு: எஃப்.ஐ.ஆர். வரும், அதற்குப் பிறகு?

காவல் நிலையம் புகாரைக் கிடப்பில் போட்டால் மாஜிஸ்திரேட்டிடம் போக இருக்கும் வழி, பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 175(3) மனு. 2024 ஜூலை 1-க்கு முன்னால், பழைய சட்டத்தில் (சி.ஆர்.பி.சி.) இதுதான் 156(3). எஃப்.ஐ.ஆர். போட வைக்க நல்ல வழி. புலன் விசாரணையை ஒழுங்காக நடத்த வைப்பதில்தான் தொய்கிறது. அதற்குப் பாதிக் காரணம் மனு எழுதும் விதம்.

வரிசை மாறக்கூடாது. நிலையத்தில் புகார், அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது. பிறகு 173(4)-ன்படி எஸ்.பி.க்கு எழுத்து மூலம் தபால். அங்கேயும் நகரவில்லை என்றால்தான் மாஜிஸ்திரேட். அஃபிடவிட் (பிரமாணப் பத்திரம்) கட்டாயம். 2015-ல் பிரியங்கா ஸ்ரீவத்சவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது, இப்போது சட்டத்திலேயே ஏறிவிட்டது. எஸ்.பி.க்கு அனுப்பிய தபால் ரசீதும் ஒப்புகையும் இல்லாத மனு, உள்ளே என்ன எழுதியிருந்தாலும் தேறாது.

புதிய சட்டத்தில் போலீஸ் தரப்பையும் கேட்டுத்தான் உத்தரவு போட முடியும். வாய்தா இழுப்பது இங்கேதான். நிலையத்திலிருந்து வரும் அறிக்கையில் வழக்கமான வரி, 'இது சிவில் பிரச்சினை'. அதை உடைக்க நீதி, நியாயம் என்று நாலு பக்கம் எழுதிப் பயனில்லை. போலிப் பத்திரப் புகார் என்றால் எந்தப் பத்திரம், என்ன தேதி, எந்தப் பக்கத்தில் கையெழுத்து மாறுகிறது என்பது முதல் பத்தியிலேயே வரட்டும்.

இழுக்கும் நாட்களில் சாட்சியம் போய்விடும். காவல் நிலைய கேமரா பதிவை 18 மாதம், முடியாவிட்டால் குறைந்தது ஓராண்டு வைத்திருக்க வேண்டும் என்பது 2020-ன் பரம்வீர் சிங் சைனி தீர்ப்பு. தெருமுனைக் கடை கேமராவுக்கு அப்படி எந்தக் காப்பும் இல்லை; சில வாரங்களில் பழைய பதிவின் மேல் புதியது ஏறிவிடும். பதிவைப் பாதுகாக்கச் சொல்லிக் கடைக்காரருக்கு அன்றைக்கே ஒரு கடிதம் கொடுத்து, நகலை மனுவில் சேர்ப்பது நல்லது.

பெரும்பாலான மனுக்களின் பிரேயர் (கோரிக்கை) பத்தி 'எஃப்.ஐ.ஆர். பதிவு செய்ய உத்தரவிட' என்பதோடு நின்றுவிடுகிறது. விசாரணை சரியாக நடக்கிறதா என்று கண்காணிக்கவும் மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் உண்டு என்று 2007-லேயே சகிரி வாசு தீர்ப்பு சொல்லிவிட்டது. கேட்டால்தானே கிடைக்கும்? குறிப்பிட்ட இடைவெளியில் நிலை அறிக்கை வேண்டும் என்று சேர்த்துக் கேளுங்கள். விசாரணை அதிகாரி அன்றாடம் எழுதும் வழக்கு நாட்குறிப்பை நீதிமன்றம் வரவழைத்துப் பார்க்கலாம். புகார்தாரர் கையில் அது வராது. ஆனால் விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்பதை 90 நாளுக்குள் போலீஸ் அவருக்குத் தெரிவித்தாக வேண்டும், 193(3)-ன்படி.

அதிகம் பேர் கோட்டை விடும் இடம் ஆர்.சி.எஸ். நோட்டீஸ். குற்றப்பத்திரிகை இல்லாமலே போலீஸ் வழக்கை முடித்து அறிக்கை தாக்கல் செய்யும்போது புகார்தாரருக்கு ஒரு காகிதம் வரும். கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். அந்த அறிக்கையை மாஜிஸ்திரேட் ஏற்கும் முன் புகார்தாரரைக் கேட்க வேண்டும் என்பது 1985-ன் பகவந்த் சிங் தீர்ப்பு. எந்தச் சாட்சியை விசாரிக்கவில்லை, எந்த ஆவணத்தைக் கைப்பற்றவில்லை என்று வரிசையாகக் காட்டி ஆட்சேப மனு போட்டால் மேல் விசாரணைக்கு உத்தரவு வாங்க வாய்ப்பு உண்டு. நீதிமன்றம் குற்றச்சாட்டை முறைப்படி வனையும் (பதிவு செய்யும்) வரை அந்த அதிகாரம் மாஜிஸ்திரேட்டிடம் இருக்கிறது (வினுபாய் மாளவியா, 2019).

இந்த மனுவில் சி.பி.ஐ. விசாரணை கேட்பது வீண். அந்த அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும்தான். புகாரே போலீஸ்காரர் மேல் என்றால் 175(4) குறுக்கே நிற்கும்: மேலதிகாரி அறிக்கை, புகாருக்கு ஆளான போலீஸ்காரர் தரப்பு விளக்கம் எல்லாம் வந்த பிறகுதான் உத்தரவு. 2020 சாத்தான்குளம் காவல் மரண வழக்கில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து எடுத்து, கோவில்பட்டி மாஜிஸ்திரேட்டை நிலையத்துக்கே அனுப்பியது. அவருக்கு அங்கே ஒத்துழைப்பு கிடைக்காதபோது நிலையத்தையே வருவாய்த் துறையின் கட்டுப்பாட்டில் வைக்கச் சொன்னது. 175(3) மனுவால் அந்த வேகமும் பலமும் கிடைக்காது. போலிப் பத்திரம், பண மோசடி என்றால் தாராளமாக இதைப் போடலாம். காவலில் அடித்தார்கள் என்றால் நேராக உயர் நீதிமன்றம்.