உத்தரப் பிரதேசத்து நரோராவில் கங்கை ஓங்கில் (டால்பின்) பார்த்தோம்: ஒரு நாள் படகுப் பயணத்துக்கு நான்கு நட்சத்திரம்

விடியற்காலை நாலரைக்கு டெல்லி மயூர் விஹாரிலிருந்து வேன். ஆளுக்கு 3,200 ரூபாய், சாப்பாடு சேர்த்து. பூரி ஆறிப்போயிருந்தது, சரி, அதை விடுங்கள்.

அம்மாவையும் கூட்டிப் போயிருந்தேன். நாகப்பட்டினத்துக்காரர், கடலில் ஓங்கில் கூட்டமாகத் துள்ளுவதைச் சின்ன வயதிலேயே பார்த்தவர். படகு கிளம்பி அரைமணி ஆகியும் "எங்கடி, ஒண்ணையும் காணோமே" என்றார். கங்கை ஓங்கில் அப்படித் துள்ளி விளையாடாது. நீண்ட மூக்கும் சாம்பல் முதுகும் ஒரு நொடி தெரியும், உஸ்ஸென்று மூச்சு கேட்கும், அவ்வளவுதான். அங்கே அதற்கு ‘சூன்ஸ்’ என்று பெயர்.

கூட வந்த வழிகாட்டி நல்ல பையன்தான், ஆனால் பயணத்தின் உயிர் படகோட்டிதான். முதல் மூச்சுச் சத்தம் கேட்டதுமே மோட்டாரை அணைத்துவிட்டார். அதற்குக் கண் ஏறக்குறைய தெரியாது, எதிரொலியை வைத்துத்தான் வழியும் இரையும் தேடும், இரைச்சல் ஆகாது என்றார். ஓங்கில் கணக்கெடுப்புக்கும் படகு ஓட்டியிருக்கிறார். முன்னால் இருப்பவர் பார்த்ததைப் பின்னால் இருப்பவரிடம் சொல்லக்கூடாதாம். இரண்டு கணக்கையும் ஒப்பிட்டுத்தான் கண்ணில் படாமல் போனது எத்தனை என்று கணிக்கிறார்கள். எங்களையும் எண்ண வைத்தார். முன்னால் இருந்த அம்மாவுக்கு ஐந்து, எனக்கு மூன்று! 2025 மார்ச்சில் வெளியான அறிக்கையில் இந்திய ஆறுகளில் மொத்தம் 6,327, உத்தரப் பிரதேசத்தில் மட்டும் 2,397 என்று இருந்ததைப் படித்திருக்கிறேன். அந்த எண்கள் எப்படி வருகின்றன என்று அன்றைக்குத்தான் புரிந்தது.

வலையில் சிக்கினால் மேலே வந்து மூச்சு விட முடியாமல் செத்துவிடும். "வலையை அறுத்து விடச் சொல்கிறீர்கள், அறுத்த வலைக்குக் காசு யார் தருவது?" என்று படகோட்டி கேட்டார். வழிகாட்டியிடம் பதில் இல்லை. நாங்கள் கட்டிய பணத்தில் படகுக்கு எவ்வளவு போகிறது என்று நான் கேட்டதற்கும் நேரான பதில் வரவில்லை. ஒரு நட்சத்திரம் குறைத்தது அதற்காகத்தான். ஆற்றைக் காக்கிறவருக்கு என்ன கூலி என்பதைப் பயணத்தை நடத்துகிறவர்கள் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும்.

போகிறவர்கள் படகின் முன்பக்கத்தைக் கேட்டு வாங்குங்கள். பைனாகுலர் வேண்டாம், எங்கே தலை தூக்கும் என்று தெரியாது, வெறும் கண்ணே போதும். அம்மா அடுத்த குளிர்காலத்துக்கும் இடம் போடச் சொல்லிவிட்டார்.