பிளாக் கொஃபியின் ‘சப்கொன்ஷியஸ்லி’: கிராமி வென்ற தொகுப்பும் அதற்கு முந்திய இசையும்

சீரான தாளத்தில் இயங்கும் இலத்திரனியல் நடன இசையான தென்னாபிரிக்க டீப் ஹவுஸை உலக அரங்குகளுக்குக் கொண்டுசென்ற டீஜேக்களுள் முதன்மையானவரான பிளாக் கொஃபியின் ‘சப்கொன்ஷியஸ்லி’ 2021 இல் வெளியாகி, மறு ஆண்டே சிறந்த நடன, இலத்திரனியல் இசைத்தொகுப்புக்கான கிராமி விருதைப் பெற்றது. அறுகம்குடாவில் அலைச்சறுக்குப் பருவத்து இரவுகளில் கடற்கரை விடுதிகளிலிருந்து கேட்கும் இசையில் மனம் பறிகொடுத்து, அதன் மூலத்தைத் தேடத் தொடங்கும் அம்பாறை, மட்டக்களப்பு இளைஞர் ஒருவரின் கைக்கு முதலில் எட்டுவது பெரும்பாலும் இந்தத் தொகுப்பாகத்தான் இருக்கும். அவருக்கு இது ஏற்ற தொடக்கமா என்று கேட்டால், பாதியளவில்தான் ஆம் என்பேன்.

தென்னாபிரிக்கப் பாடகி ம்சாக்கியின் குரலில் அமைந்த ‘விஷ் யூ வேர் ஹியர்’ தொகுப்பின் உச்சம். பிரிவுத்துயரைப் பாடும் அந்தக் குரலைத் தாளம் முந்திக்கொள்ளாமல், அதன் கீழே சீராக நடந்து தாங்கிச் செல்கிறது. கூத்துக்களரியில் அண்ணாவியார் மத்தளத்தைப் படிப்படியாக ஏற்றுவதைக் கேட்டுப் பழகிய செவிக்கு இந்தப் பொறுமை அந்நியமாக இராது. அஷர், ஃபரெல் வில்லியம்ஸ், டேவிட் குவெட்டா முதலிய பெரும் பெயர்கள் வரும் பாடல்களில் அந்தப் பொறுமை குறைகிறது. ஒலிப்பதிவு பளிங்குபோல் இருந்தும், தாளம் உடலில் ஊறுவதற்குள் பாடல் முடிந்துவிடுகிறது. விருதுக்குழுவினருக்கு அது குறையாகத் தெரியவில்லை போலும்.

பிளாக் கொஃபி விட்டுவரும் தடம் ஆழப் பதிந்திருப்பது முந்திய தொகுப்புகளிலேயே. 1990 இல், மண்டேலாவின் விடுதலையைக் கொண்டாடிய கூட்டத்துக்குள் கார் ஒன்று பாய்ந்ததில் இடக்கையின் இயக்கத்தை இழந்த இவர், ஒற்றைக் கையாலேயே இசைத்தட்டுகளைக் கையாளப் பழகி, 2005 இல் முதல் தொகுப்பை வெளியிட்டார். ஜொகன்னஸ்பர்க் சுரங்கங்களுக்குத் தொழிலாளரை ஏற்றிவரும் நிலக்கரிப் புகைவண்டியைப் பற்றித் தென்னாபிரிக்க இசைக்கலைஞர் ஹியூ மசகேலா பாடிய ‘ஸ்டிமெலா’வை அதில் அவர் ஹவுஸ் தாளத்தில் மறுவார்ப்புச் செய்திருந்தார். வளைகுடாவுக்கு உழைக்கப் போனவர்கள் இல்லாத தெரு அரிதான எமது ஊர்களில் அந்தப் பாடலுக்கு விளக்கவுரை தேவையில்லை. 2009 இல் வந்த ‘ஹோம் ப்ரூட்’ தொகுப்பில் பாடகி பூசி பாடிய ‘சூப்பர்மேன்’ பாடலை, 2017 இல் கனடிய ராப் பாடகர் ட்ரேக் தமது பாடலொன்றுக்கு அடித்தளமாக எடுத்துக்கொண்டார்.

கைப்பேசியின் சிறு ஒலிபெருக்கியில் இவற்றைக் கேட்பது வீண். தாழ்சுருதி முழுவதும் மறைந்து, வெறும் தட்டொலியே மிஞ்சும். சுமாரான ஹெட்போனாவது வேண்டும். கல்முனை வழியாகப் பொத்துவிலுக்கு இரவில் வாகனம் ஓட்டிச் செல்பவர்கள் ‘ஹோம் ப்ரூட்’ தொகுப்பிலிருந்து தொடங்கலாம். ‘சப்கொன்ஷியஸ்லி’யில் ம்சாக்கியின் பாடலையும், செலெஸ்ட் பாடிய ‘ரெடி ஃபோர் யூ’வையும் முதலில் கேளுங்கள், ஃபரெல் வில்லியம்ஸ் வரும் ‘டென் மிஸ்ட் கோல்ஸ்’ பாடலைத் தயங்காமல் கடந்துவிடலாம்.