உசாகியின் ஒளியும் மடோகாவின் ஒளியும்
மாயச் சக்தி பெற்ற சிறுமியர் இருளோடு போராடும் இரு ஜப்பானிய அனிமேக்களில் (அசைபடத் தொடர்களில்), எதன் இறுதி அத்தியாயம் உள்வலிமையை ஆழமாகக் காட்டுகிறது? 1992இல் தொடங்கிய ‘செய்லர் மூன்’ அனிமேயின் முதல் பருவத்தை முடித்துவைக்கும் 46ஆம் அத்தியாயத்தில், இருள் வெளியே நிற்கும் பகை: தோழியர் நால்வரையும் இழந்த நாயகி உசாகி, மாய ஆற்றல் கொண்ட வெள்ளிப் படிகத்தை ஏந்தி, இருளின் அரசி பெரிலை எதிர்க்கையில், இறந்தவர்களின் கைகளே அவள் கைகளோடு சேர்ந்து ஒளியைத் தாங்குகின்றன. அவள் இறுதியில் வேண்டுவதோ சாதாரண வாழ்க்கை மட்டுமே.

2011இல் வெளியான ‘மடோகா மஜிகா’வில் இருள் உள்ளிருந்தே ஊறுகிறது: அவளது ஆன்மாவையே தாங்கும் ஆன்ம மணி கறுக்கக் கறுக்க, மாயச் சிறுமியே சூனியக்காரியாகிவிடுகிறாள். ஆகவே இறுதியான 12ஆம் அத்தியாயத்தில் நாயகி மடோகா, முக்காலத்திலும் சூனியக்காரிகள் பிறக்குமுன்பே அவர்களைத் தன் கைகளால் நீக்க வரம் கேட்டு, அச்சிறுமியரின் துயரைத் தானே ஏற்கிறாள். அதனால் அவள் இவ்வுலகிலிருந்தே மறைய, தோழியருள் ஹோமுராவைத் தவிர எவருக்கும் அவள் நினைவில்லை. உசாகிக்காக நான் இன்றும் கண்கலங்கினாலும், உள்வலிமையை ஆழமாகக் காட்டுவது மடோகாவின் அத்தியாயமே என்பேன்.