இகோர்ட்ஸ் ஆப்: நியமன ஒப்புதலுக்கு வழக்குப் போட்டவர்களுக்கு எவ்வளவு உதவும்?

கடலூர் மாவட்டத்தில் அரசு உதவிபெறும் பள்ளியில் சேர்ந்து, நியமனத்துக்கு ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பிய கருத்துரு கல்வி அலுவலகத்திலிருந்து திரும்பி வந்து, ஒப்புதலும் சம்பளமும் இல்லாமல் பாடம் நடத்தும் ஆசிரியர் போடும் ரிட் மனு (அரசு அலுவலரின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) சென்னை உயர் நீதிமன்றத்துக்குத்தான் போகும். அது எந்த நிலையில் இருக்கிறது என்று பார்க்க சென்னைக்கு பஸ் ஏற வேண்டாம். இகோர்ட்ஸ் சர்வீசஸ் ஆப் இலவசமாகக் காட்டுகிறது. ஒவ்வொருவர் போனிலும் இருக்க வேண்டிய ஆப் இது.

உள்ளே போனதும் உயர் நீதிமன்றம் என்ற பிரிவுக்கு மாற்றுங்கள். மாவட்ட நீதிமன்றப் பிரிவில் ரிட் மனுவைத் தேடினால் கிடைக்காது. ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 இலக்க சி.என்.ஆர். எண் இருந்தால் நேராக வழக்கு திறக்கும். இல்லையென்றால் டபிள்யூ.பி. எண்ணும் (ரிட் மனுவின் வழக்கு எண்) ஆண்டும் போதும். பலர் இங்கேதான் தடுக்கி விழுகிறார்கள். மனு தாக்கலானதும் வக்கீல் தருவது எஸ்.ஆர். எண், அதாவது தாக்கலுக்கான தற்காலிக எண். குறைகளைச் சரிசெய்து நம்பரான பிறகுதான் டபிள்யூ.பி. எண் வரும். எஸ்.ஆர். எண்ணை டபிள்யூ.பி. கட்டத்தில் போட்டால் யாரோ ஒருவரின் வழக்கு வந்து நிற்கும்.

பெயர் போட்டுத் தேடுவது ஆப்பின் பலவீனமான பகுதி. ராஜேஸ்வரி என்பதை ஆங்கிலத்தில் 'எச்' சேர்த்தும் எழுதுவார்கள், விட்டும் எழுதுவார்கள். மனுவில் இருக்கிற எழுத்தைத்தான் ஆப் பார்க்கும். பள்ளிச் செயலர் மனுதாரராக இருந்தால் ஆசிரியர் பெயரில் தேடிப் பயனில்லை, பள்ளியின் பெயரில் தேட வேண்டும். ஆப்பில் தெரியும் அடுத்த தேதியை நம்பி லீவு போடாதீர்கள். வழக்கு பட்டியலில் வந்ததா என்பதை உயர் நீதிமன்ற இணையதளத்தின் காஸ் லிஸ்ட் (அன்றைய விசாரணைப் பட்டியல்)தான் சொல்லும்.

'டிஸ்போஸ்டு' என்று பார்த்ததும் ஸ்டாஃப் ரூமில் இனிப்பு கொடுக்கிறார்கள். அந்தச் சொல்லுக்கு வழக்கு முடிந்தது என்று மட்டுமே பொருள். கீழே இருக்கும் உத்தரவின் பி.டி.எஃப்.பைத் திறந்து கடைசிப் பத்தியைப் படியுங்கள். "கோரிக்கையைத் தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்ற மாதிரி இருந்தால், ஒப்புதல் இன்னும் கிடைக்கவில்லை. மாவட்டக் கல்வி அலுவலர் காரணம் எழுதி மறுக்கலாம். அந்த மறுப்புச் செயல்முறை ஆணையை எதிர்த்து மறுபடி ஒரு ரிட் போட வேண்டிவரும். மறுப்பாணை ரத்தாகியிருக்கிறதா, ஒப்புதல் எந்த நாளிலிருந்து, நிலுவைச் சம்பளம் உண்டா என்ற மூன்றும் அந்தப் பத்தியில் தெளிவாக இருந்தால்தான் கையில் ஏதோ இருக்கிறது.

அந்த 12 வாரம் பெரும்பாலும் உத்தரவு நகல் அலுவலருக்குக் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும். ஆப்பில் இறக்கிய பிரிண்ட் படிக்க மட்டும். நகல் மனு போட்டுச் சான்றிட்ட நகல் வாங்கி, முகப்புக் கடிதத்தோடு ஒப்புகைத் தபாலில் அனுப்பி, திரும்பி வரும் ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். கெடுவுக்குள் எதுவும் நடக்கவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் காலவரம்பு. அலுவலகத்துக்கு நடையாய் நடந்தே அந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் உண்டு. அரசு மேல்முறையீடு செய்தால் அது ரிட் அப்பீல் என்று தனி எண்ணில் வரும். பழைய எண்ணை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தால் தெரியாமல் போய்விடும். உத்தரவு வந்த பிறகும் மாதம் ஒருமுறை பெயரில் தேடுங்கள்.

அடுத்தவருக்குக் கிடைத்த உத்தரவை இறக்கித் தன் மனுவோடு இணைப்பது பரவலாக நடக்கிறது. அது டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) தொடர்பானது என்றால் தேதியைப் பாருங்கள். 1.9.2025 அன்று உச்ச நீதிமன்றம், ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் இருக்கும் ஆசிரியர்கள் இரண்டு ஆண்டுக்குள் டெட் தேற வேண்டும் என்றது. சிறுபான்மைப் பள்ளிகள் பற்றிய கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது. அதற்கு முந்தைய உத்தரவை அப்படியே நம்ப முடியாது.

புதுச்சேரிக்காரர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அங்கே 1987-ஆம் ஆண்டின் பள்ளிக் கல்விச் சட்டம், தமிழ்நாட்டின் சட்டம் வேறு. அதோடு, அங்குள்ள அரசுப் பள்ளி ஆசிரியரின் பணி வரன்முறை (பணியை முறைப்படுத்துதல்) வழக்கு முதலில் போவது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்கு. அந்த வழக்கு இந்த ஆப்பில் வராது, தீர்ப்பாயத்தின் இணையதளத்தில் பார்க்க வேண்டும்.

சேமித்து வைக்கும் வழக்குப் பட்டியல் போனிலேயே இருக்கிறது. ஆப்பை அழித்தாலோ போனை மாற்றினாலோ போய்விடும். எக்ஸ்போர்ட் செய்துகொள்ளுங்கள், எண்ணைப் பணிப்பதிவேட்டு நகலின் முதல் பக்கத்திலும் குறித்துவையுங்கள்.